மூன்று விசில்

ஓர் அடுக்குமாடி வீட்டில் ஒரு குக்கர் இருந்தது. மனிதர்களிடம் பேச அதற்குத் தெரிந்த ஒரே மொழி விசில்.

ஒருநாள் காலை தேன்மொழி அரிசியும் பாசிப்பருப்பும் போட்டு அதை மூடி அடுப்பில் வைத்தாள். அறுவை சிகிச்சை முடிந்து மருத்துவமனையில் இருக்கும் அப்பாவுக்கு இன்று முதல் குழைந்த சோறு கொடுக்கலாம் என்று டாக்டர் சொல்லியிருந்தார். மருந்துக் கடைக்குக் கிளம்பும்போது கணவனிடம், "மூணு விசில் வந்ததும் அணைச்சிடுங்க. அப்பா காத்துட்டிருப்பார்" என்றாள்.

கூடத்தில் இருந்த சிவநேசன் தலை நிமிராமல் "ம்" என்றான். வேலை போனதிலிருந்து அவனுக்குக் கைபேசிதான் எல்லாம். குட்டிக் குட்டி வீடியோக்களாகத் தள்ளிக்கொண்டே இருப்பான்.

குக்கர் முதல் விசில் அடித்தது. கைபேசியில் அப்போது யாரோ சாம்பார் வைத்துக்கொண்டிருந்தார்கள். சத்தம் அங்கிருந்து வருவதாக நினைத்து அடுத்ததற்குத் தள்ளினான். அடுத்தது பிரியாணி. குக்கர் மறுபடி அடித்தது. "இதுலயும் குக்கரா" என்று அதையும் தள்ளினான். மூன்றாவதும் அப்படியே போயிற்று. அதற்குப் பிறகு வந்தவையும்.

குக்கர் கைபேசியைக் கூப்பிட்டது. "ஏம்ப்பா, அவரைக் கொஞ்சம் விடேன். பெரியவர் சாப்பாடு இது."

"நான் எங்கே பிடிச்சேன்? அவர்தான் என்னைப் பிடிச்சிருக்கார்" என்றது கைபேசி.

கொஞ்ச நேரத்தில் விசில் நின்றுபோனது. நீயே அடங்கிவிட்டாயே என்று கைபேசி கேலி செய்தது.

"அடங்கலை. தண்ணி தீர்ந்துபோச்சு."

மூடியில் ஒரு சேஃப்டி வால்வு இருந்தது. வாங்கிய நாளிலிருந்து வாய் திறக்காதது. தண்டச்சோறு என்று குக்கர் அதைக் கிண்டல் செய்வதுண்டு. இப்போது அது சொன்னது:

"நான் ஒரு தடவைதான் பேசுவேன். பேசிட்டா அப்புறம் நான் இல்லை."

குக்கர் பதில் சொல்வதற்குள் அது உருகி வெடித்தது. கருகிய பருப்பு சமையலறைக் கூரை வரை போய் ஒட்டிக்கொண்டது.

சிவநேசன் அந்தச் சத்தத்தையும் தள்ளிவிட்டான்.

தேன்மொழி வந்தாள். அடுப்பை அணைத்தாள். அண்ணாந்து பார்த்தாள். கூடத்துக்கு வந்து, "எத்தனை விசில் வந்துச்சு?" என்று கேட்டாள்.

"வந்துச்சா?" என்றான்.

அவள் காலி கேரியரை எடுத்துக்கொண்டு படியிறங்கிப் போனாள்.

அப்போது கைபேசிக்குள் யார் வீட்டுக் குக்கரோ விசில் அடித்தது. சிவநேசன் பதறி எழுந்து ஓடிப்போய், அணைந்திருந்த அடுப்பை அணைத்தான்.