கோலுக்குள் மெழுகு

நாகவாவி என்ற ஊரில், ஊற்றுக்கு அடியில் ஒரு நாகம் படுத்திருந்தது. ஆண்டுக்கு ஒரு கட்டிப் பொன் விழுங்கினால்தான் நகர்ந்து தண்ணீருக்கு வழி விடும்.

ஒரு காலத்தில் அந்தப் பொன்னை வீடு வீடாகப் போய்க் கேட்டார்கள். என்னிடம் ஏது, அடுத்த வீட்டில் இருக்கிறது என்று எல்லாரும் சொன்னார்கள். அடுத்த வீடு எரிந்தது.

அப்புறம் ஏனாதி என்ற ரசவாதி வந்தார். சதுக்கத்தில் உலை மூட்டினார். மூசை என்ற உருக்குக் கிண்ணத்தில் பாதரசத்தை ஊற்றி இரும்புக் கோலால் கிண்டினார். ரசம் புகையாகப் போயிற்று. அடியில் பொன் நின்றது. அதற்குப் பிறகு அந்த ஊரில் யார் வீடும் எரியவில்லை.

ஏனாதி இறந்ததும் உலை அவர் மனைவி அமரியின் கைக்கு வந்தது. சீடன் ஒருவன்தான், தித்தன். மாமியார் போட்ட சோற்றைக்கூட முகர்ந்து பார்த்துவிட்டுத்தான் பிசைவான். ஏனாதி முதன்முதலில் கிண்டிய அன்று, "கோலைக் காட்டுமய்யா!" என்று கூட்டத்திலிருந்து கத்தியவன் அவன். மறுநாளே ஏனாதி அவனைக் கூப்பிட்டுச் சேர்த்துக்கொண்டார். தன் அறிவுக்குக் கிடைத்த மரியாதை என்று அவன் நினைப்பு.

கோலை மட்டும் அமரி யாரையும் தொட விட்டதில்லை. இந்த ஆண்டு அமரிக்குக் கை நடுக்கம். நாகத்துக்குப் பொன் கொடுக்கும் விழாவுக்கு முந்திய நாள் கோலை அவனிடம் கொடுத்து, "நாளைக்கு நீ கிண்டு" என்றார்.

தித்தன் சும்மா வாங்குவானா? தட்டிப் பார்த்தான். உள்ளே பொந்தாகக் கேட்டது. நுனியை நகத்தால் சுரண்டினான். கறுப்பு மெழுகு பெயர்ந்தது. மஞ்சள் தூள் கொட்டியது.

"அம்மா, இது என்ன?"

"பார்த்தால் தெரியவில்லையா? பொன்."

"அப்படியானால் ஐயா செய்தது?"

"அவர் ஒரு பொட்டுப் பொன்கூடச் செய்ததில்லை."

"யார் வீட்டுப் பொன் இது?"

அமரி தன் வளையலைக் கழற்றி அவனை எடை போடச் சொன்னார்; பிறகு அதை மெருகுத் தொட்டியின் திராவகத்தில் முக்கி எடுத்தார். பளபளவென்று மின்னியது.

"இப்போது எடை போடு."

மறுபடியும் போட்டான். தராசு முள் முன்பு நின்ற இடத்திலேயே நின்றது.

விழாவுக்கு முன்னால் ஊரே நகைகளை மெருகுக்குக் கொண்டுவரும். அந்தத் திராவகத்தில் ஒவ்வொன்றாக முக்கி எடுப்பவன் தித்தன். ஒரு நகையில் கரைவது தெரியாது; ஊர் முழுக்கச் சேர்ந்தால்? தொட்டியின் அடி வண்டலைப் பார்த்தான். அவன் முகம் கறுத்தது.

"திருட்டு!"

"திருட்டுத்தான்."

"என் கையாலேயே!"

"வேறு யார் கையால் நடக்கும்? தித்தனே காவல் இருக்கிறான், பயமில்லை என்றுதானே காதில் கிடப்பதைக் கழற்றிக் கொடுக்கிறார்கள்?"

"மிச்சப் பொன்னை எங்கே ஒளித்து வைத்திருக்கிறீர்கள்?"

"தேடிக்கொள். அரிசிப் பானையையும் கொட்டிப் பார். ஆனால் திரும்ப அள்ளி வைத்துவிட்டுப் போ."

தேடினான். அடுப்புச் சாம்பலைக்கூடக் கிளறினான். அரைப் பானை அரிசி, இரண்டு ஒட்டுப்போட்ட புடவை. அவ்வளவுதான்.

"நாளைக்குச் சதுக்கத்தில் எல்லார் முன்னாலும் சொல்லிவிடுவேன்."

அமரி சிந்திய தூளைக் கூட்டி அள்ளிக் கோலுக்குள் போட்டு மெழுகால் அடைத்தார்.

"சொல். கோல் உன் கையில்தானே இருக்கப் போகிறது."

மறுநாள் உலை எரிந்தது. நச்சுப் புகைக்குப் பயந்து, ஊர் மூக்கைப் பொத்திக்கொண்டு தள்ளி நின்றது. தித்தன் கோலைத் தூக்கினான். மூசைக்குள் விடவில்லை.

உப்பு விற்கும் சுரும்பி முன்னால் வந்தாள். "என்னய்யா சிலை மாதிரி நிற்கிறீர்? அந்தக் கோலை இப்படிக் கொண்டாரும். உடைத்துப் பார்ப்போம்."

தித்தன் தொண்டையைச் செருமினான். "இந்த ஆண்டு பொன் வராது."

அடுத்ததைச் சொல்ல வாயெடுத்தான். யாரும் அவனையோ கோலையோ பார்க்கவில்லை. ஒருவர் காதை ஒருவர் பார்த்தார்கள். ஒருவர் கையை ஒருவர் பார்த்தார்கள்.

"வேளான் வீட்டில் கிடக்கு" என்றது ஒரு குரல்.

"ஆமாம், போன மாசம்தானே மகளுக்கு அட்டிகை போட்டான்."

வேளானின் மனைவி முந்தானையை இழுத்துக் கழுத்தை மூடிக்கொண்டாள்.

"பார், மூடுகிறாள் பார்!"

ஒருவன் குனிந்து உலையிலிருந்து கொள்ளி ஒன்றை உருவினான். கூட்டம் அவனுக்கு வழி விட்டது.

தித்தன் அமரியைப் பார்த்தான். அவர் அவனைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

"ஏய், கொள்ளியை உலையில் வை" என்றான் தித்தன். "சூடு குறைந்தால் பொன் எப்படி வரும்?"

கோலை மூசைக்குள் விட்டு, நுனி மெழுகு உருகும்வரை கிண்டினான்.

பொன் நின்றது. நாகம் விழுங்கிவிட்டு நகர்ந்தது. ஊரே குடத்தோடு ஓடியது, வேளானின் மனைவியும்தான். சுரும்பி மட்டும் ஓடவில்லை. கோலையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

வீட்டுக்கு வந்ததும் தித்தன் கோலைக் கழுவினான். வெகுநேரம் கழுவினான்.

"அம்மா, அந்தச் சுரும்பி லேசில் விடமாட்டாள். உப்புக்கூடையோடு வீடு வீடாகப் போய்ச் சொல்லுவாள். அவளை என்ன செய்வது?"

அமரி கோலை வாங்கி, நுனியில் புது மெழுகு வைத்து அழுத்தினார்.

"நாளையிலிருந்து மெருகுத் தொட்டி வேலைக்கு வரச் சொல்."