காதில் விழாத மன்னிப்பு

“மூணு கோயில்ல பாவசங்கீர்த்தனம் பண்ணிட்டேன், சாமி. மூணு பேரும் மன்னிச்சிட்டாங்க. தூக்கம் மட்டும் வரமாட்டேங்குது.”

சொன்னவர் சவரிராயன். மறைமாவட்ட வார இதழின் ஆசிரியர். அறுபதை நெருங்கியவர்.

கேட்டுக்கொண்டிருந்தவர் தொபியாஸ் சாமி. முள்ளிப்பட்டி அந்தோணியார் கோயிலின் பங்குத்தந்தை. பத்துப் பன்னிரண்டு வயது இளையவர். குருமடத்தில் சேரும் முன், சவரிராயனிடம் உதவி ஆசிரியராக இருந்து திட்டு வாங்கியவர்.

செவ்வாய்க்கிழமை. நவநாள் ஜெபத்துக்கு வந்த கூட்டம். வாசலில் இறைந்து கிடந்த செருப்புகளைச் சாமி ஜோடி சேர்த்துக்கொண்டிருந்தார்.

“நாலாவது கோயிலுக்கு வந்திருக்கீங்களாக்கும்.”

“கேலி பண்ணாதே, தம்பி.” சவரிராயன் நாக்கைக் கடித்துக்கொண்டார். “பண்ணாதீங்க, சாமி.”

“தம்பியாவே இருந்துட்டுப் போறேண்ணே. என்ன செஞ்சீங்க?”

“எழுதினேன்.”

அவர் வேறு எதையும் செய்தவரில்லை. முப்பது வருஷமாகத் திருச்சபைச் செய்திதான். ஆயர் அபிஷேகமா, தேர்ப் பவனியா, உரோமையிலிருந்து சுற்றுமடலா, அவர் கை பட்டுத்தான் அச்சுக்குப் போகும். அவர் தலைப்புப் போட்டால் ஊர் நம்பும்.

“மலையடிவாரத்துல ஒரு பங்குக் கோயில். வேற மதத்துல கல்யாணம் கட்டின பொம்பளை ஒண்ணு செத்துப்போச்சு. புதைக்க விடாம கல்லறைத் தோட்டத்தைப் பூட்டிட்டாங்க.”

“அதை எழுதத்தானே வேணும்.”

“பங்குத்தந்தை பூட்டினார்னு எழுதினேன்.”

“அவர் பூட்டலையா?”

“பூட்டினது ஊர்ப் பெரிய மனுஷங்க. பங்குத்தந்தை இன்னாசிமுத்து சாமி அன்னிக்கு ஆஸ்பத்திரியில. ஆபரேஷன் முடிஞ்சு மயக்கத்துல கிடந்திருக்கார்.”

“அவரைக் கேட்டீங்களா?”

“போன் போட்டேன். எடுக்கல. முதல் பக்கம் காத்துக்கிட்டிருந்துச்சு.”

சாமியின் கையில் ஒற்றைச் செருப்பு நின்றது.

“அப்புறம்?”

“அப்புறம் என்ன. தலைப்பைப் பார்த்துட்டு அவரை அந்தப் பங்குல இருந்து எடுத்துட்டாங்க. இப்ப எங்க போனாலும் அவருக்கு முன்னாடி அந்தப் பேரு போய் நிக்குது. கல்லறையைப் பூட்டின சாமி. திருவிழாப் பிரசங்கத்துக்குக்கூட யாரும் கூப்பிடறதில்லையாம்.”

“உண்மை தெரிஞ்சதும் நீங்க என்ன செஞ்சீங்க?”

“திருத்தம் போட்டேன்.”

“எங்க?”



“ஏழாம் பக்கத்துல.”

ஏழாம் பக்கம் என்றால் வரன் தேவை. வீட்டுமனை விற்பனை. ‘கேட்ட வரம் தந்த அந்தோணியாருக்கு நன்றி – ஒரு பக்தை.’ இவற்றுக்கு நடுவே பொடி எழுத்தில் நாலு வரி.

“ஏழாம் பக்கம் வடை மடிக்கத்தான்னு சொல்லுவீங்களே” என்றார் சாமி. “என் கட்டுரையை எல்லாம் அங்கதான் தள்ளுவீங்க.”

“பின்னே முதல் பக்கத்துலயா போடறது? பத்திரிகை மானம் என்ன ஆகும்? நிர்வாகக் குழு என்னை நாற்காலியில விட்டு வைக்குமா? இத்தனை வருஷம் எழுதினதை எல்லாம் எவன் நம்புவான்?”

சாமி செருப்பைக் கீழே வைத்தார். அதன் ஜோடி கிடைக்கவில்லை.

“பாவசங்கீர்த்தனம் பண்ணத்தானே வந்தீங்க. வாங்க.”

கோயிலுக்குள் சாமி உட்கார்ந்து பாவங்களைக் கேட்கிற பாவசங்கீர்த்தனத் தொட்டிக்கு முன்னால் வரிசை நின்றது. சவரிராயன் தன் முறை வரும்வரை நின்றார். முழங்காலிட்டார். எல்லாவற்றையும் சொன்னார், ஆஸ்பத்திரிப் படுக்கை உட்பட. மனஸ்தாப மந்திரம் சொல்லும்போது குரல் உடைந்தது.

சாமி எழுந்தார்.

வரிசையைத் தாண்டிப் போனார். பீடத்தைத் தாண்டிப் போனார். உடைந்த பெஞ்சுகளும் போன வருஷத்துக் கிறிஸ்துமஸ் குடில் சாமான்களும் கிடக்கிற கடைசி மூலைக்குப் போய், சுவரைப் பார்த்து நின்றார். கை ஒருமுறை உயர்ந்து இறங்கியது.

திரும்பி வந்து உட்கார்ந்தார்.

“முடிஞ்சுது. போயிட்டு வாங்க.”

“என்ன முடிஞ்சுது?”

“பாவமன்னிப்பு.”

“எனக்குக் கேக்கவே இல்லையே!”

“சொன்னேனே.”

“சொன்னா என் காதுல விழ வேண்டாமா? பாவம் இங்க கிடக்குது. மன்னிப்பை எங்கயோ போய் முணுமுணுத்தா எப்படி? அதை எங்க போய்ச் சொன்னீங்க?”

“ஏழாம் பக்கத்துல.”



பின்னால் ஒரு பெண் இருமினாள். சீக்கிரம் எழுந்திரும் என்கிற இருமல்.

சவரிராயனின் தோள்கள் குலுங்கத் தொடங்கின. அழுகிறார் என்று நினைத்து அவள் இருமலை நிறுத்திக்கொண்டாள். அவர் சிரித்துக்கொண்டிருந்தார். கண்ணையும் துடைத்துக்கொண்டார்.

அந்த வார இதழ் வெள்ளிக்கிழமை வந்தது. முதல் பக்கம், மேலே, அன்றைக்குப் போட்ட அதே பெரிய எழுத்து:

‘கல்லறையைப் பூட்டியவர் பங்குத்தந்தை அல்ல. நாங்கள் எழுதியது தவறு.’

கீழே, ஆசிரியர் பெயர்.

அடுத்த செவ்வாய் சவரிராயன் மறுபடியும் வரிசையில் நின்றார். அவருக்கு முன்னால் அதே இருமல்காரி.

“போன வாரம்தானே பண்ணினீங்க?” என்றாள். “ஏழு நாளைக்குள்ள அப்படி என்ன பாவம்?”

“பழைய பாக்கிம்மா.”

“அப்ப நீங்க முன்னாடி போங்க. லேட்டானா வட்டி ஏறும்.”

போய் முழங்காலிட்டார்.

“என்ன பாவம்?” என்றார் சாமி.

“அதே பாவம்தான். போன வாரம் காதுல விழல.”

“நிர்வாகக் குழு?”

“விளக்கம் கேட்டுக் கூப்பிட்டிருக்காங்க. நாளைக்குப் போகணும்.”

“பயமா?”

“பயம்தான். ஆனா ஞாயித்துக்கிழமை மத்தியானம் சாப்பிட்டுப் படுத்தவன், சாயங்காலப் பூசை மணி அடிச்சப்பதான் எந்திரிச்சேன். செத்துட்டேனோன்னு வீட்டுல மூக்குல விரல் வச்சுப் பார்த்தாளாம்.”

“இன்னாசிமுத்து சாமி பேசினாரா?”

“பேசினார். திட்டுவார்னு போனைத் தள்ளிப் பிடிச்சேன்.” சவரிராயன் மூச்சை இழுத்துக்கொண்டார். “அந்தோணியாருக்கு ஒரு நன்றி அறிவிப்புப் போடணுமாம். ஏழாம் பக்கத்துல இடம் இருக்கான்னு கேட்டார்.”

தொபியாஸ் சாமி எழுந்தார்.

இந்த முறை எங்கும் போகவில்லை. அங்கேயே நின்று, கையை உயர்த்தி, ஈஸ்டர் இரவுப் பாஸ்கா பூசையில் பாடுகிற குரலை எடுத்தார்.

“தந்தை, மகன், தூய ஆவியாரின் பெயராலே உம்முடைய பாவங்களிலிருந்து நான் உம்மை விடுவிக்கிறேன்!”

உத்திரத்துப் புறாக்கள் எழும்பிப் பறந்தன. வாசலில் பூ விற்கிறவள் உள்ளே எட்டிப் பார்த்தாள்.

யாருக்கு, எதற்கு என்று வரிசைக்குத் தெரியாது.

“ஆமென்” என்றார்கள் எல்லாரும்.

சவரிராயனுடையது கடைசியாக வந்தது. சத்தமாக.