பதினோரு பேரில் ஏழு பேர்

விமானம் விழுந்தது நம் கடலில். ஓட்டிய கம்பெனி ஒரு நாடு, செய்த கம்பெனி இன்னொரு நாடு. யார் கடலில் விழுந்ததோ அவர்கள்தான் விசாரிக்க வேண்டும் என்பது உலக வழக்கம். அப்படித்தான் விசாரணைத் தலைமை விமான விபத்து அதிகாரி சங்கரவடிவிடம் வந்தது.

அவரிடம் வேலை கற்க வந்தவர் கேப்டன் துரைசிங்கம். முப்பது வருஷம் விமானம் ஓட்டி ஓய்வு பெற்றவர், வடிவைவிட ஆறு வயது மூத்தவர். நல்ல மனுஷன்தான். கோபம் மட்டும் மூக்குக்கு மேலே நிற்கும்.

அறிக்கை வெளியாக மூன்று நாள் இருந்தது. விமானம் செய்த நாட்டிலிருந்து நாற்பது பக்கத்துக்கு ஆட்சேபம் வந்திருந்தது.

"அவங்க கேக்கிறது நியாயம்தானே, மேடம்? துணை விமானி தப்புன்னு எழுதிட்டா என்ன? நூத்திப் பன்னிரண்டு உயிர் போயிருக்கு," என்றார் துரைசிங்கம்.

வடிவு கண்ணாடியைக் கழற்றி வைத்தார்.

"நாளைக்குத் தூத்துக்குடி போறேன். நீங்களும் வாங்க."

அறிக்கை ஊருக்குத் தெரியும் முன்னே குடும்பங்களுக்குச் சொல்லிவிட வேண்டும். மற்ற அதிகாரிகள் தபாலில் அனுப்பி வேலையை முடிப்பார்கள். வடிவு நேரில்தான் போவார்.

துணை விமானி ஜெரால்டுடைய அப்பா ராயப்பன் கதவைப் பாதிதான் திறந்தார். மகன் படத்தை டிவியில் போட்டுக் கொலைகாரன் என்று பேசிப் பதினாலு மாதம் ஆகிறது. அன்றிலிருந்து அவர் மாதா கோயிலுக்குக்கூடப் போகவில்லை.

உட்காரச் சொன்னார். நின்றபடியே கேட்டார்.

"ஒண்ணே ஒண்ணு சொல்லுங்கம்மா. எம் மவன்தான் அத்தனை பேரையும் கொன்னானா?"

"விமானத்தோட மூக்கைத் தூக்கினது அவர் கைதான், ஐயா. தூக்கியிருக்கக் கூடாது."

ராயப்பன் சுவரைப் பிடித்துக்கொண்டார்.

"வேகம் காட்டுற கருவியில அடைப்பு. வேகம் கூடிக்கிட்டே போகுதுன்னு காட்டிச்சு. குறைக்கத்தான் தூக்கினார். நிஜத்துல வேகம் குறைஞ்சுக்கிட்டு இருந்துச்சு. தூக்கினதும் இன்னும் குறைஞ்சு விமானம் விழுந்துடுச்சு. மொத்தம் முப்பத்தெட்டு விநாடி."

"வேற ஆளு ஓட்டியிருந்தா தப்பிச்சிருக்குமா?"

வடிவு துரைசிங்கத்தைத் திரும்பிப் பார்த்தார்.

துரைசிங்கம்தான் பதில் சொன்னார். "பயிற்சி இயந்திரத்துல அதே கோளாறை வச்சுச் சோதிச்சோம். பதினோரு விமானி, எல்லாரும் அனுபவசாலி. என்ன கோளாறுன்னு முன்கூட்டியே சொல்லல. ஏழு பேர் உங்க மகன் மாதிரியேதான் தூக்கினாங்க."

"மிச்ச நாலு பேரு?"

"தப்பிச்சிட்டாங்க."

பெரியவர் தலையாட்டினார். பொய் சொல்லாதது அவருக்குப் பிடித்திருந்தது போலும். துரைசிங்கத்தின் முகத்தையே பார்த்தார்.

"நீங்களும் விமானம் ஓட்டினவருன்னு சொன்னாங்க. அதுல உக்காந்தீகளா?"

"உக்காந்தேன்."

"நீங்க என்ன செஞ்சீக?"

சோதனையில் உட்கார்ந்தவர்கள் யார் பேரும் அறிக்கையில் கிடையாது. தப்பித்த நாலு பேரில் நானும் ஒருவன் என்று சொல்லிவிட்டு எழுந்திருக்கலாம். யார் போய்ச் சரிபார்க்கப் போகிறார்கள்?

"நானும் தூக்கினேன், ஐயா," என்றார் துரைசிங்கம். "எனக்கு முப்பது வருஷ சர்வீஸ். உங்க பிள்ளைக்கு மூணு வருஷம்தான்."

சொல்லும்போதே அழுதுவிட்டார்.

ராயப்பன் வந்து துரைசிங்கத்தின் பக்கத்தில் அமர்ந்தார். அவர் தோளில் கை வைத்தார். அந்தக் கையை வெகுநேரம் எடுக்கவில்லை. பிறகு உள்ளே இருந்த மனைவி பக்கம் திரும்பி, "ஏட்டி, காப்பி போடு. ஆளு வந்திருக்காவ," என்றார்.

திரும்பும்போது காரில் துரைசிங்கம் கேட்டார்.

"நான் தூக்கினது உங்களுக்குச் சோதனை நடந்த அன்னிக்கே தெரியும். இத்தனை நாளா ஒரு வார்த்தை கேக்கலியே, மேடம்?"

"நான் கேட்டு என்ன ஆகப்போகுது, கேப்டன்? அதைக் கேக்க வேண்டியவர் கதவைச் சாத்திக்கிட்டு உள்ள இருந்தாரு."