முட்டுக்கம்பு

காவிரிக்கரையில் வாழைக்காரர்கள் சேர்ந்து நடத்தும் காப்புச் சங்கம் ஒன்று இருந்தது. வாழை நடும்போது ஒவ்வொருவரும் காப்புப் பணம் கட்டவேண்டும். காற்றில் மரம் சாய்ந்தால் சங்கம் நஷ்டஈடு கொடுக்கும். அவ்வளவுதான் ஏற்பாடு. சொல்வதற்கு லேசு, நடத்திப் பார்த்தால்தான் தாவு தீரும். அந்தச் சூட்சுமம் தலைவி சௌந்தரவல்லிக்குத்தான் தெரியும் என்று ஊரே பேசிக்கொள்ளும்.

அதைக் கற்றுக்கொள்ளத்தான் பொன்னுரங்கம் அவரிடம் வந்து சேர்ந்தார். டவுனில் இன்சூரன்ஸ் ஏஜெண்டாக இருந்து ஓய்வு பெற்றவர். எதிரே வந்தவன் பாலிசி எடுக்காமல் தப்பியதாகச் சரித்திரமே இல்லை. "சரக்கே இல்லாம விக்கிற வியாபாரம்யா நம்மளது. மூட்டை தூக்க வேணாம், கிடங்கு வேணாம்" என்று பெருமையடித்துக்கொள்வார்.

வயதில் சிஷ்யர்தான் மூத்தவர். அவர் "குருவே" என்பார், இந்த அம்மாள் "அண்ணே" என்பார். முதலில் கேலிக்கு ஆரம்பித்த பேச்சு, அப்படியே நிலைத்துவிட்டது. கொஞ்ச நாளில் சௌந்தரவல்லி அவரைச் சங்கத்துக்குச் செயலாளராகவும் ஆக்கிவிட்டார்.

பொங்கல் முடிந்த வாரம். பொன்னுரங்கம் மல்லுவேட்டி சரசரக்க வந்து நின்றார்.

"குருவே, கணக்கு முடிச்சாச்சு. சங்கம் பொறந்த நாள்லேர்ந்து இப்படி ஒரு லாபம் கிடையாது. உறுப்பினருங்க ஒண்ணுக்கு ரெண்டாயிட்டாங்க. நஷ்டஈடு கேட்டவங்களை விரல் விட்டு எண்ணிடலாம்."

"சந்தோஷம் அண்ணே. இவ்வளவு பேரை யார் சேர்த்தது?"

"வேற யாரு? அடியேன்தான்!" மீசையை ஒரு தடவு தடவிக்கொண்டார். மனுஷருக்குத் தரையில் கால் பாவவில்லை.

"சரி. இப்ப என்ன பண்ணலாம்கறீங்க?"

"வெள்ளிக்கிழமை கூட்டத்துல போனஸ் அறிவிச்சிடுவோம். காப்புப் பணத்தையும் குறைச்சிடுவோம். அக்கரைக்காரன் சங்கத்துல சேர்ந்தா எவர்சில்வர் குடம் கொடுக்கறானாம். நாம கையைக் கட்டிக்கிட்டு நிக்கலாமா?"

"ஊர்ல சொல்லிட்டீங்களா?"

"சேச்சே! டீக்கடையில மட்டும்."

டீக்கடையில் சொன்னபிறகு தண்டோரா எதற்கு? சௌந்தரவல்லி சிரித்துக்கொண்டார்.

"தோட்டத்துக்கு வாங்க அண்ணே. ஒரு சின்ன வேலை இருக்கு."

அவருடைய தோட்டம் இரண்டு பாகம். வரப்புக்கு இந்தப் பக்கம் குலை தள்ளி முற்றிய வாழை. ஒவ்வொரு மரத்துக்கும் சவுக்குக் கம்பால் முட்டுக் கொடுத்திருந்தது. அந்தப் பக்கம் இளசு. இடுப்பளவு வளர்ந்து, முட்டு எதுவும் இல்லாமல் தளதளவென்று நின்றது.

"இன்னிக்குக் காத்து இருக்கா?"

பொன்னுரங்கம் விரலை எச்சில் பண்ணித் தூக்கிப் பார்த்தார். "இலை கூட ஆடலையே."

"அப்ப இந்தக் கம்பெல்லாம் சும்மா நிக்குது. பிடுங்கி வித்துடலாம். கையில காசாவது நிக்கும். முதல்ல இதைப் பிடுங்குங்க."

குரு சொன்னால் மறுபேச்சு ஏது? பொன்னுரங்கம் வேட்டியை மடித்துக் கட்டினார். கம்பை ஒரு ஆட்டு ஆட்டிப் பிடுங்கினார். அடுத்த நிமிஷம் மரம் சரசரவென்று அவர் மேலேயே சாய்ந்தது. குலை வந்து தோளில் உட்கார்ந்துகொண்டது.

"குருவே!"

"பிடிச்சுக்குங்க அண்ணே. இதோ காபி குடிச்சுட்டு வந்துடறேன்."

போயே போய்விட்டார்.

பொன்னுரங்கம் பாடு பெரும்பாடாகிவிட்டது. விட்டால் குலை போயிற்று. தூக்கி நிறுத்தலாம் என்றால் தெம்பு இல்லை. புதுச் சட்டையெல்லாம் வாழைக்கறை. இந்தக் கறை வெளுத்தாலும் போகாதே என்று வயிறெரிந்தார். நகர முடியாமல் நின்றவருக்கு எதிரே இருந்த இளவாழையைப் பார்ப்பதைத் தவிர வேறு வேலை இல்லை. பார்த்தார். பார்த்துக்கொண்டே இருந்தார். அவருடைய முகம் மெல்ல மாறியது.

சௌந்தரவல்லி சாவகாசமாகத் திரும்பி வந்தார்.

"என்ன அண்ணே, காத்து அடிச்சுதா?"

"இல்லை."

"அப்புறம் ஏன் பிடிச்சுக்கிட்டே நிக்கறீங்க?"

"விட்டா விழுந்துடும் குருவே."

"அந்தப் பக்கம் முட்டே இல்லாம நிக்குதே, அது விழலையே?"

பொன்னுரங்கம் இளவாழையை நோக்கித் தலையை ஆட்டினார்.

"அதுல இன்னும் குலை வரலை. நான் புதுசாச் சேர்த்தவங்க எல்லாரும் ஆவணியில நட்டவங்க. ஒருத்தன் தோட்டத்துலயும் குலை வரலை. அதான் ஒருத்தனும் நஷ்டஈடு கேட்டு வரலை."

"குலை எப்ப வரும்?"

"பங்குனியில."

"காத்து?"

"சித்திரை, வைகாசியில." கீழே கிடந்த கம்பைப் பார்த்தார். "நான் லாபம்னு எழுதினது லாபமே இல்லை குருவே. அது முட்டுக்கம்பு."

சௌந்தரவல்லி கம்பை எடுத்து மறுபடி மரத்துக்கு முட்டுக் கொடுத்தார்.

வெள்ளிக்கிழமை கூட்டத்தில் கூட்டமான கூட்டம். போனஸ் என்றால் சும்மாவா? பொன்னுரங்கம் எழுந்து, "போனஸ் கிடையாது. காப்புப் பணமும் குறையாது. வந்தது எல்லாம் சங்கத்துலயே இருக்கும்" என்றார். பந்தலே பிய்ந்து விழுகிற மாதிரி கத்தினார்கள்.

"டீக்கடையில ஒரு பேச்சு, இங்க ஒரு பேச்சா?"

"நாக்கா அது, வேற ஏதாவதா?"

பழைய உறுப்பினர் ராயப்பன் துண்டை உதறிவிட்டு எழுந்தே போய்விட்டார். மறுவாரம் அவர் வீட்டு வாசலில் அக்கரைக்காரன் கொடுத்த குடம் பளபளத்தது. பொன்னுரங்கம் டீக்கடைப் பக்கம் போவதையே விட்டுவிட்டார். வாயாலேயே பிழைத்த மனுஷருக்கு இது எப்பேர்ப்பட்ட தண்டனை! உள்ளுக்குள் குமுறிக் குமுறி நடந்தார்.

வைகாசியில் காற்று வந்தது. ஒரு பிற்பகல்தான். கரை நெடுக வாழை படுத்துவிட்டது. முட்டுக் கொடுத்ததும் சாய்ந்தது, கொடுக்காததும் சாய்ந்தது. குலைகள் சேற்றில் கிடந்ததைப் பார்த்து ஆம்பளைகளே வாய்விட்டு அழுதார்கள்.

பொன்னுரங்கம் தோட்டம் தோட்டமாக நடந்தார். சேற்றில் செருப்பு அறுந்தது, கையில் எடுத்துக்கொண்டு நடந்தார். சாய்ந்ததைப் பார்த்தார், அங்கேயே எழுதிக் கையெழுத்துப் போட்டார். ஆடி பிறப்பதற்குள் ஒருத்தர் பாக்கியில்லாமல் பணம் போய்ச் சேர்ந்தது. அடுத்த நடவுக்கு வாழைக்கட்டை வாங்க யாரும் நகையை அடகு வைக்கவில்லை. அக்கரைச் சங்கத்தில் மட்டும் "பார்க்கறோம், பார்க்கறோம்" என்றே சொல்லிக்கொண்டிருந்தார்கள். கார்த்திகையில் சங்கப் பலகையையே கழற்றிவிட்டார்கள்.

மறுபடி தை வந்தது, கூட்டமும் வந்தது. பந்தலுக்குப் பின்னால் பொன்னுரங்கம் தலையைத் தொங்கப்போட்டு நின்றார். கணக்குத் தாளைச் சுருட்டிக் கக்கத்தில் வைத்திருந்தார்.

"என்ன அண்ணே, உள்ள எல்லாரும் காத்திருக்காங்க."

"எப்படிப் படிப்பேன் குருவே? சங்கத்துக்கே முதல் முறையா நஷ்டம். கையிருப்பெல்லாம் காலி. அதுவும் நான் செயலாளரா இருக்கறப்ப."

"புதுசா யாராச்சும் சேர்ந்தாங்களா?"

"வாசல்ல நிக்க இடமில்லை. நான் ஒருத்தர்கிட்டயும் ஒரு வார்த்தை பேசலை, தானா வர்றாங்க. காப்புப் பணத்தை ஏத்துவோம்னு சொன்னேன், சரிங்கறாங்க. ராயப்பன் கூட வந்துட்டார். என் கையைப் பிடிச்சுக்கிட்டு விடவே மாட்டேங்கறார்." துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். "இருந்தாலும் நஷ்டம் நஷ்டம்தானே? போன வருஷம் அவ்வளவு லாபம் காட்டிட்டு, இதை எப்படித் தலை நிமிர்ந்து படிக்கறது?"

சௌந்தரவல்லி அவர் தோளிலிருந்து நழுவிய துண்டை எடுத்துச் சரியாகப் போட்டுவிட்டார்.

"சரக்கே இல்லாத வியாபாரம்னு சொல்வீங்களே அண்ணே. போன வருஷம் நாம காசுதான் வாங்கினோம். இந்த வருஷம்தான் சரக்கைக் கொடுத்திருக்கோம். சத்தமாப் படிங்க."