தொட்டில் நாளில் வந்த ஒப்பாரிக்காரி

நெருங்கி உட்காருங்கள், செல்லங்களா! கடலுக்குக் கரை புதிதாக இருந்த காலத்தில், கொன்றைப்பட்டணம் என்று ஓர் ஊர். அந்த ஊருக்கு ஒரு ராஜா. அந்த ராஜாவுக்கு இளநாச்சி என்று ஒரு ராணி. ராணிக்கு ஓர் ஆண் குழந்தை பிறந்தது. அப்பப்பா, ஊரே ஆடியது! யானைக்கு வெல்லம், குதிரைக்கு வெல்லம், கழுதைக்குக்கூட வெல்லம்!

மருத்துவச்சி குழந்தையைத் துடைத்து, ராணியின் மார்பில் கிடத்தினாள். ராணியின் கண்ணிலிருந்து பொலபொலவென்று கண்ணீர் கொட்டியது.

“பாருங்கடி, ஆனந்தக் கண்ணீர்!” என்றாள் மருத்துவச்சி.

“ஆனந்தக் கண்ணீர்!” என்றார்கள் தோழிகள்.

“ஆனந்தக் கண்ணீர்!” என்று முரசு அறைந்து ஊருக்கே சொல்லிவிட்டார் ராஜா.

ராணி ஏதோ சொல்ல வாயெடுத்தாள். யார் கேட்டார்கள்? அதற்குள் புலவர்கள் அந்தக் கண்ணீரை முத்து என்று பாடி, பரிசும் வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போய்விட்டார்கள்.

அன்றிலிருந்து ஒரு விசித்திரம் நடந்தது. ராணி சாப்பிட்டாள், குளித்தாள், கேட்டதற்குப் பதில் சொன்னாள். யாராவது மடியில் கிடத்தினால் பாலும் கொடுத்தாள். ஆனால் குழந்தையைத் தன் கையால் தூக்க மட்டும் மாட்டாள். குழந்தை வருகிறது என்றாலே இரண்டு கையும் முந்தானைக்குள் ஓடி ஒளிந்துகொள்ளும்.

வைத்தியர் நாடி பிடித்தார். பூசாரி வேப்பிலை அடித்தார். சோதிடர் கட்டம் போட்டார். மூன்று பேரும், “என்னம்மா செய்கிறது?” என்று கேட்டார்கள். மூன்று பேருக்கும் ராணி சொன்ன பதில் ஒன்றுதான்.

“நன்றாக இருக்கிறேன்.”

ஐயோ, அந்த ஊரில் ஒரு சட்டம் இருந்தது. தொட்டில் நாளன்று பொழுது சாய்வதற்குள், ஊரார் முன்னிலையில், பெற்றவளே பிள்ளையைத் தூக்கித் தொட்டிலில் போட வேண்டும். போடாவிட்டால் பிள்ளை ராஜாவின் அக்காவுக்குச் சொந்தம். அக்காவின் அரண்மனையோ ஏழு மலைக்கு அப்பால்! தொட்டில் நாளும் வந்தது. அக்காவின் பல்லக்கும் வாசலில் வந்து இறங்கிவிட்டது.

ராஜா துடித்துப்போனார். “பாடத் தெரிந்தவர் எவரானாலும் வாருங்கள்! தாலாட்டுக் கேட்டாவது ராணி மனம் இளகட்டும்!” என்று முரசு அறையச் சொன்னார்.

முதலில் அரண்மனைப் பாடகர் வந்தார். குழந்தையின் பாட்டன், முப்பாட்டன் வென்ற நாடுகளையெல்லாம் பாடினார். ராணியின் கை முந்தானைக்குள் போனது. சூரியன் பனைமரத்து உச்சிக்கு வந்தது.

அடுத்து, வடக்கிலிருந்து வந்த வீணைக்காரர். “தாயே, நீ பொறுமையின் கடல், அன்பின் மலை, உன்னைப் போலத் தாய் உண்டா?” என்று உருகிப் பாடினார். ராணி தொட்டிலை விட்டே தள்ளிப் போய் நின்றுகொண்டாள். சூரியன் பனைமரத்து இடுப்புக்கு வந்தது.

அப்போது வாசலில் ஒரே சத்தம்!

“ஏய் மாராயி! உனக்கு இங்கே என்னடி வேலை? இது பிள்ளை பெற்ற வீடு. நீ செத்த வீட்டில் பாடுகிறவள்!” என்று காவல்காரன் ஈட்டியை நீட்டினான்.

மாராயி அந்த ஊர் ஒப்பாரிக்காரி. அவள் குரல் கேட்டால் கல்லும் மூக்கைச் சிந்தும்.

“முரசுக்காரன் ‘எவரானாலும்’ என்றானே, அண்ணே. ‘மாராயியைத் தவிர’ என்று சொன்னானா? சொன்னது காதில் விழாமல் போயிருந்தால் திரும்பிப் போகிறேன்” என்றாள்.

காவல்காரன் முழித்தான். மந்திரியைப் பார்த்தான். மந்திரியும் முழித்தார். ராஜா வாக்கு ராஜா வாக்குதானே! ஈட்டி விலகியது.

மாராயி நேராகப் போய் ராணியின் காலடியில் சம்மணம் போட்டு உட்கார்ந்தாள்.

“அம்மா, எங்கள் தொழிலில் ஒரு வழக்கம். பாடுவதற்கு முன்னால் அழுகிற சனத்திடம் ஒன்று கேட்பேன். ‘போனவரிடம் சொல்லாமல் விட்டது என்ன?’ என்று. எல்லார் வீட்டிலும் ஏதாவது இருக்கும். ‘அவள் வைத்த குழம்பை ஒருநாளும் நன்றாக இருக்கிறது என்று சொன்னதில்லையே’ என்று ஒரு கிழவர் தலையில் அடித்துக்கொண்டார். அதைத்தான் பாடுவேன். என்ன பாடி என்ன? கேட்க வேண்டியவருக்குக் காது கேட்காது. இன்றைக்குத்தான் உயிரோடு இருக்கிறவர்களுக்குப் பாட வந்திருக்கிறேன். சொல்லுங்கம்மா, நீங்கள் சொல்லாமல் வைத்திருப்பது என்ன?”

“ஒன்றுமில்லை. நன்றாக இருக்கிறேன்” என்றாள் ராணி.

“சொல்லாமல் வைத்திருப்பது என்னம்மா?”

“எல்லாரும் அன்பாக இருக்கிறார்கள். எனக்கு என்ன குறை?”

“சொல்லாமல் வைத்திருப்பது என்ன?”

ராணி முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

“சரி, உங்களிடம் இல்லாவிட்டால் போகட்டும். என்னிடம் இருக்கிறது. என் மகள் பிறந்தபோது யாரிடமும் சொல்லாதது. இப்போது ஊர் மாங்காயெல்லாம் திருடித் தின்கிறாளே, அவள்தான்!” என்று சொல்லிவிட்டு, மாராயி கண்ணை மூடிப் பாடினாள்.

“பாலூட்டும் நேரத்திலே – என் கண்ணே
பதறித்தான் ஊட்டினேன்டி,
தூளியிலே போடையிலே – என் கண்ணே
தூக்கிவாரிப் போட்டதடி.
ஊரெல்லாம் மெச்சையிலே – என் கண்ணே
உள்ளுக்குள்ளே உதறினேன்டி,
பெத்தவளாய் இருக்கத்தான் – என் கண்ணே
பெலமில்லேன்னு அழுதேன்டி.”

“நிறுத்து! இது தாலாட்டா? ஒப்பாரி ராகம்! அபசகுனம்!” என்று கத்தினார் அரண்மனைப் பாடகர்.

“நிறுத்தாதே!” என்றாள் ராணி.

சபை திடுக்கிட்டது. அவ்வளவு பெரிய குரல் ராணிக்கு உண்டு என்று யாருக்குமே தெரியாது.

“அது ஆனந்தக் கண்ணீர் இல்லை” என்றாள். “பயந்து அழுதேன். இவனுக்குத் தலை நிற்காமல் ஆடியது. கீழே போட்டுவிடுவேனோ என்று பயம். மூச்சு விடுகிறானா என்று பயம். நல்ல தாய் எவளும் இப்படிப் பயப்படமாட்டாள், நான்தான் உதவாதவள் என்று நினைத்தேன். என்னைவிட நல்லவள் ஒருத்தி இவனை எடுத்துக்கொள்ளட்டும் என்றுதான் கையை ஒளித்தேன்.”

சூரியன் பனைமரத்துக் காலைத் தொடப் போகிறது.

திடீரென்று கூட்டத்துக்குள்ளிருந்து ஒரு மீன்காரி, “எனக்கும்தான் தாயி!” என்று கூவினாள். “மூத்தவனைக் குளிப்பாட்ட மாட்டேன்னு ஒரே அழுகை. வழுக்கிட்டுப் போற மீனு மாதிரி இருந்தான்!”

“எனக்கும்!” என்றாள் பூக்காரி.

“எனக்கும்” என்றாள் பல்லக்கிலிருந்து இறங்கி நின்ற ராஜாவின் அக்கா. “நாலு பெற்றேன், அம்மாடி. நாலாவதைத் தூக்கும்போதும் நடுங்கினேன். வெளியே சொன்னால் மானம் போய்விடும் என்று இருந்துவிட்டேன்.”

ராஜா தொண்டையைச் செருமினார். “நானும் இவனை இன்னும் தூக்கவில்லை. உடைந்துவிடுவானோ என்று... அரச வேலை அதிகம் என்று சொல்லிக்கொண்டு தப்பித்தேன்.”

சபை சிரித்தது பாருங்கள், அப்படி ஒரு சிரிப்பு! ராணியும் சிரித்தாள். சிரித்துக்கொண்டே முந்தானைக்குள்ளிருந்து கையை எடுத்துப் பார்த்தாள்.

“மாராயி, இன்னும் நடுங்குகிறதே!”

“நடுங்கட்டும் அம்மா. நடுங்கிக்கொண்டே தூக்குங்கள். நாங்கள் எதற்கு இருக்கிறோம்?” என்று மாராயி தன் முந்தானையை விரித்துக் கீழே பிடித்தாள்.

மீன்காரி ஓடி வந்து தன் முந்தானையை விரித்தாள். பூக்காரி விரித்தாள். அக்கா பட்டு முந்தானையை விரித்தாள். ராஜா என்ன செய்வார் பாவம், தன் அங்கவஸ்திரத்தை விரித்துக்கொண்டு தரையில் மண்டி போட்டார்! பாடகரும், வீணைக்காரரும், ஈட்டியை எறிந்துவிட்டுக் காவல்காரனும் கையை ஏந்திக்கொண்டு நின்றார்கள். ஒரு குழந்தை விழுவதற்கு அங்கே இடமே இல்லை!

தொட்டிலுக்குப் பக்கத்துக் கட்டிலில் கிடந்த குழந்தையிடம் ராணி குனிந்தாள். ஒரு கை கழுத்துக்கு, ஒரு கை இடுப்புக்கு. தூக்கினாள்! நடுங்க நடுங்கத் தூக்கினாள்! குழந்தை கண்ணைத் திறந்து அவளைப் பார்த்தது. பார்த்த கையோடு, சர்ரென்று ஒன்றுக்கும் போனது. கீழே மண்டி போட்டிருந்த ராஜாவின் கிரீடத்தின் மேலேயே!

சிரிப்பு அடங்குவதற்குள் சூரியன் இறங்கியது. அதற்கு முன்பே குழந்தை தொட்டிலில் இருந்தது, ராணியின் சுண்டுவிரலைப் பிடித்துக்கொண்டு.

ஆகையால், செல்லங்களா, இந்தக் கதை சொல்லும் நீதி இதுதான்: பயமாக இருக்கிறது என்று வாய்விட்டுச் சொல்கிறவர் யாருக்கும் எதிலும் குறைந்தவர் அல்லர்.