முப்பத்தோராம் நாள் சாப்பாடு

என் பெரியவளுக்குத் தலைப்பிரசவம் ஆன வருஷம், மாரியம்மன் கோயிலில் கூழ் காய்ச்சினோம். அப்போது அடுப்பில் விறகைத் தள்ளிக்கொண்டே குப்பாயி அக்கா எனக்குச் சொன்ன கதை இது.

ரொம்ப நாளைக்கு முன்னே குவளையூர் என்று ஒரு நாடு. வீரகேது என்று ஒரு ராஜா. நல்லவர்தான், ஆனால் நினைத்தால் நினைத்ததுதான்.

ஒரு நாள் வெள்ளச்சி என்ற வயசான அம்மா சபைக்கு வந்தாள். "மூணு பிள்ளை பெத்தேன் சாமி. ஒருத்தனும் சோறு போடல."

அமைச்சர் அம்பலவாணர் வாயைத் திறப்பதற்குள் சபையில் இருந்த பொன்னுரங்கம் என்பவர் முந்திக்கொண்டார். அமைச்சர் பதவி மேல் அவருக்கு ஒரு கண். "மாதத்துக்கு முப்பது நாள். ஆளுக்குப் பத்து நாள் சோறு போடட்டும். இதற்கு ஓர் அமைச்சர் வேறு வேண்டுமா, அரசே?"

ராஜாவுக்கு ஒரே சந்தோஷம். பட்டுச் சால்வையை எடுத்துப் பொன்னுரங்கத்துக்குப் போர்த்தினார். "இதுவே தீர்ப்பு! மாற்றச் சொல்கிறவரை நாடு கடத்துவேன்!"

சித்திரை போனது. வைகாசி முதல் தேதி வெள்ளச்சி தள்ளாடிக்கொண்டு அமைச்சர் வீட்டுக்கு வந்தாள்.

"சித்திரைக்கு முப்பத்தொரு நாளாம் ஐயா. நேத்து பெரியவன்கிட்ட போனேன், 'என் பத்து முடிஞ்சுது' என்கிறான். நடுவுளவனும் அதையே சொல்றான். சின்னவன் கதவே திறக்கல. தண்ணியக் குடிச்சுட்டுப் படுத்தேன்."

அம்பலவாணர் அவளுக்கு முதலில் இலை போடச் சொன்னார். பிறகு நேரே ராஜாவிடம் போனார்.

"அரசே, தங்கள் தீர்ப்பு அத்தனை அழகு! நம் மடைப்பள்ளியிலும் மூன்று சமையற்காரர்கள். அவர்களுக்கும் ஆளுக்குப் பத்து நாள் என்று வைக்கலாமா?"

"பேஷ், வையும்!" என்றார் ராஜா. பொன்னுரங்கம் மீசையைத் தடவிக்கொண்டார்.

வைகாசி முப்பத்தொன்று. வேட்டை முடிந்து ராஜாவும் பொன்னுரங்கமும் பசியோடு வந்து உட்கார்ந்தார்கள். இலை வரவில்லை. எட்டிப் பார்த்தால் அடுப்பு ஜில்லென்று கிடக்கிறது. மூன்று சமையற்காரர்களும் தாயம் ஆடுகிறார்கள்.

"அடேய்! சோறு எங்கே?"

"என் பத்து நாள் பத்தாந்தேதியோடு முடிஞ்சுது மகாராஜா."

"எனக்கு இருபதோட சரி."

"நேத்தோட நானும் கையக் கழுவிட்டேன். இன்னிக்கு யார் கணக்கிலும் வரலீங்க."

ராஜா அமைச்சரை வரவழைத்தார். "இதென்ன கூத்து, அம்பலவாணரே?"

"தங்கள் தீர்ப்புதான் அரசே. மாற்றச் சொல்ல எனக்குத் தைரியம் ஏது?"

வெயில் ஏறியது. ராஜாவின் வயிறு இரைகிற சத்தம் எல்லோருக்கும் கேட்டது. பொன்னுரங்கத்துக்குக் கண் இருட்டியது.

"அரசே, தீர்ப்பை மாற்றிவிடுங்கள்! உயிர் போகிறது!" என்று அலறிவிட்டார்.

சுற்றி நின்றவர்கள் எல்லோரும் சிரித்துவிட்டார்கள். அமைச்சர் சிரிக்கவில்லை. "ஒரு வேளைக்கே இப்படி. போன மாசம் வெள்ளச்சியம்மா நாள் முழுக்கக் கிடந்தாள். இன்றைக்கும் கிடக்கிறாள் அரசே."

ராஜாவுக்கு முகம் வாடிவிட்டது. பல்லக்கு அனுப்பி அவளை வரவழைத்தார். அடுப்பு மூட்டச் சொல்லி, முதல் இலை அவளுக்குப் போட்டு, அவள் கை கழுவிய பிறகுதான் தான் சாப்பிட்டார்.

"முப்பத்தோராம் நாளில் இந்த அம்மா சாப்பிட்ட பிறகுதான் மூன்று பிள்ளைகள் வீட்டிலும் அடுப்பு எரியலாம். இதுதான் இனி தீர்ப்பு."

"ஆனிக்கு முப்பத்திரண்டு நாள் அரசே," என்றார் அமைச்சர்.

"அந்த ஒரு நாள் பொன்னுரங்கம் வீட்டில் இலை. அவரே பரிமாறட்டும், நாடு கடத்தாமல் விடுகிறேன். அந்தச் சால்வையைக் கழற்றி அமைச்சருக்குப் போர்த்துங்கள்."

ஆனி முப்பத்தொன்று பொழுது விடிந்ததோ இல்லையோ, மூன்று பிள்ளைகளும் தூக்குச்சட்டியோடு ஓடி வந்து வாசலில் முட்டிக்கொண்டார்கள். "என் சோறுதான் முதல்ல!" "என் இட்லி ஆறுது ஆத்தா!"

வெள்ளச்சி கதவைத் திறந்து சொன்னாள்: "மெதுவா வாங்கடா. எனக்கு ஒரே ஒரு வயிறுதான்."

கதையைக் கேட்ட உங்களிடம் ஒன்று கேட்கிறேன். இன்றைக்கு உங்கள் அம்மாவிடம் சாப்பிட்டாயா என்று கேளுங்கள். சாப்பிட்டேன் என்றால், என்ன குழம்பு என்றும் கேளுங்கள்.