கை தூக்கிய சபை

கருவேலங்கோட்டை ராஜாவுக்கு ஒருநாள் திடீரென்று போர் செய்யத் தோன்றிவிட்டது. காரணம் வெற்றிலைபாக்கு. பக்கத்துப் பொட்டலூர் ராஜா தன் மகள் கல்யாணத்தில் முதல் தாம்பூலத்தை வேறு யாருக்கோ நீட்டிவிட்டார். இதைவிடச் சின்னக் காரணத்துக்கெல்லாம் ராஜாக்கள் சண்டை போட்டிருக்கிறார்கள். ஆகையால் நாம் சிரிக்க வேண்டாம்.

சபை கூடியது. முதல் மந்திரியான பிரதானி தில்லைநாயகம் எழுந்து, "போர்தான் மகாராஜா! பொட்டலூரைத் தரைமட்டமாக்க வேண்டும்!" என்று முழங்கினார். அவருக்கு வெற்றிலைமேல் ஒரு அக்கறையும் இல்லை. குறியெல்லாம் சுபேதார் இருளப்பர் மேல். வெள்ளைக்காரக் கும்பினிப் பட்டாளத்தில் பாதி ஆயுளைக் கழித்துவிட்டு ஊர் திரும்பிய இருளப்பரை ராஜா படைத்தலைவராக்கி, சபையிலும் உட்கார வைத்திருந்தார். அதில் பிரதானிக்கு வயிற்றெரிச்சல். போருக்குப் போனால் இருளப்பர் திரும்ப மாட்டார். மறுத்தால் ராஜத்துரோகி. எப்படியும் நாற்காலி காலி.

இருளப்பருக்கோ தன் ஆட்களின் முகங்கள் கண்முன் வந்தன. பொட்டலூரில் பீரங்கி இருந்தது. இவர்களுடைய துப்பாக்கிகள் மழை பெய்தால் வெடிக்காது, வெயிலடித்தாலும் நிச்சயமில்லை. போனால் ஒருவனும் வீடு திரும்பமாட்டான். அவர் முகத்தில் மட்டும் இது எதுவும் தெரியவில்லை.

"போர் வேண்டும் என்பவர்கள் கை தூக்குங்கள்" என்றார் ராஜா.

இருளப்பரைத் தவிர எல்லோரும் தூக்கினார்கள். பிரதானி இரண்டு கைகளையும் தூக்கினார்.

"உத்தரவு மகாராஜா" என்ற இருளப்பர், வாசலில் நின்ற ஹவில்தாரைக் கூப்பிட்டார். "ஐயாமாருக்கு இடுப்பு அளவு எடு. பிரதானி ஐயாகிட்ட இருந்து ஆரம்பி."

ஹவில்தார் நூல்கயிற்றோடு வந்தான். பிரதானியின் இடுப்புக்குக் கயிறு போதவில்லை.

"என்னய்யா இது?"

"இடுப்புவார் தைக்கணுமே, ஐயா. முதல் வரிசையில போறவங்க வார் இல்லாம போகக்கூடாது."

"முதல் வரிசையா? நானா?"

"பட்டாளத்து வழக்கம் அதுதான், ஐயா. 'யார் போறீங்க?'ன்னு துரை கேப்பார். கை தூக்கினவன் முன்னால போவான். தூக்காதவன் கோட்டையைக் காவல் காப்பான். நான் தூக்கலை. நானும் என் ஆட்களும் கோட்டையைப் பாத்துக்கறோம். நீங்க ரெண்டு கையையும் தூக்கினீங்க. கொடியையும் நீங்களே பிடிச்சுக்கலாம்."

"மகாராஜா! இது சபை. பட்டாளம் இல்லை!"

ராஜா தாடையைத் தடவினார். "போருக்குப் பட்டாளத்து வழக்கம்தானே சரி? இருந்தாலும் இன்னொரு தடவை கேட்டுவிடுகிறேன். போர் வேண்டும் என்பவர்கள் கை தூக்குங்கள்."

சபையில் ஒருவரும் அசையவில்லை. பிரதானியின் மூக்கில் ஒரு ஈ வந்து உட்கார்ந்தது. உட்கார்ந்தே இருந்தது.

"சரி, போர் இல்லை. சுபேதாருக்கு ஒரு பட்டுச் சால்வை போர்த்தலாம் என்று நினைக்கிறேன். சம்மதிப்பவர்கள் கை தூக்குங்கள்."

அதற்கும் ஒரு கைகூட எழவில்லை.

ராஜா வயிறு குலுங்கச் சிரித்தார். தாமே எழுந்துபோய் இருளப்பருக்குச் சால்வையைப் போர்த்திவிட்டு, "கைதட்டவாவது செய்யுங்களய்யா!" என்றார்.

பிரதானியும் தட்டினார், கைகளை மடியைவிட்டு எடுக்காமலே.